மூன்றாம் கட்டம், இடது ஓரம்

அவன் முதலில் தோன்றியது அவனுடைய ஆட்டத்தில் அல்ல.
யாரோ ஒருவன் ட்ராம் ஓட்டும் ஆட்டம்,
மூன்றாம் கட்டம், இடது ஓரம்,
மழைக்குள் பன்னிரண்டு புள்ளி உயரம்.
கண் இல்லை. கண்ணுக்கு நிறம் மிச்சமில்லை.
மூன்று நிறம்தான் கொடுத்தது அந்த இயந்திரம்:
ஒன்று தோலுக்கு, ஒன்று சட்டைக்கு,
கடைசி ஒன்றைக் குடைக்குச் செலவழித்துவிட்டார்கள்.

ஜம்பட்டா வீதியில் ஜல்டீன் நானாவின் கடை.
பதினைந்து நிமிடம் ஐந்து ரூபா.
முட்டை அவிக்கும் மணிக்கூடு நேரம் பார்க்கும்.
காட்ரிட்ஜின் முகத்தில் ஜப்பான் எழுத்து,
வாசிக்க ஆளில்லை,
ஆகவே அவனுக்கு வாங்குக்கு வாங்கு ஒரு பெயர்.
முன்வாங்குச் சிங்களப் பொடியன்களுக்கு குடே மல்லி.
எங்களுக்குக் குடையன்.
ஜல்டீன் நானா மட்டும் பாயோங் என்பார்,
தூசி போகக் காட்ரிட்ஜுக்குள் ஊதிக்கொண்டே.

இரண்டாம் ஆட்டம் அவனுடையது.
ஆனால் வலப்பக்கம் மட்டுமே நடப்பான்.
விட்டு வந்த இடத்தைத் திரை உடனே தின்றுவிடும்.
ஒரு காசைத் தவறவிட்டால் தவறவிட்டதுதான்.
குடை விரித்தால் மெதுவாக விழுவான்;
விழாமலிருக்க வழி இல்லை.

மயூரதன் அண்ணா போல் அதை ஒருவரும் ஆடவில்லை.
கொழும்புக்கு வந்து எட்டு மாதம்,
எதிர் லொட்ஜில் பதினேழாம் அறை.
ஏஜென்சிக்காரன் அடுத்த கிழமை என்ற கிழமைகளை
எங்கள் வாங்கில் இருந்து கழித்தார்.
சட்டைப்பையில் பொலிஸ் பதிவுத் துண்டு,
மடித்து மடித்துத் துணி போலாகியிருந்தது.
பேச்சுக் குறைவு. ஒருநாள் சொன்னார்:
"இவனைத் திரும்பி நடக்கப் பண்ணலாம்."

ஆறாம் கட்டத்துத் தூணில், குடை பாதி மூடும்போது
இடதும் பாய்ச்சலும் சேர்த்து அழுத்த வேண்டும்.
நாலு அடி.
நாலே அடி, திரைக்குப் பின்னால், தலை மட்டும் தெரிய
குடையன் வந்த வழியே போனான்.
கடையே எழுந்து நின்றது, கட்டாத காசுக்காரர்கள் உட்பட.
அதன்பின் தூணில் இடித்துச் செத்தான்.

அன்றைய எண்ணிக்கை தொண்ணூற்றேழாயிரத்து நூற்றிருபது.
பக்கத்தில் மூன்று எழுத்து இடலாம்.
அவர் இட்டது தன் பெயரை அல்ல.
அந்த மூன்றும் எனக்கு இன்றைக்கும் தெரியும்.
எழுதமாட்டேன்.

புதன்கிழமை லொட்ஜைச் சுற்றி வளைத்தார்கள்.
வியாழன், பதினேழாம் அறை வெறும் அறை.
பிடித்துக்கொண்டு போனார்கள் என்றான் றெஜினோல்ட்.
ப்ளைட் கிடைத்துவிட்டது என்றார் லொட்ஜ் மனேஜர்.
இருவரும் ஒரே குரலில்தான் சொன்னார்கள்.

அந்த இயந்திரத்துக்கு ஞாபகம் கிடையாது.
அணைத்தால் எல்லாம் பூச்சியம்.
ஜல்டீன் நானா அணைக்கவில்லை.
இரவில் டீவியை மட்டும் நிறுத்திவிட்டுக் கதவு பூட்டினார்,
உள்ளே ஒரு சிவப்பு விளக்கு எரிந்தபடி கிடந்தது.
ஒன்பது நாள். ஏன் என்று நாங்கள் கேட்கவில்லை,
வேறு காட்ரிட்ஜ் போடச் சொல்லவும் இல்லை.
பத்தாம் நாள்,
மழை பொய்த்த அந்த வருடத்தின் மின்வெட்டு
எங்கள் பகுதிக்கு, பிற்பகல் இரண்டரைக்கு.

பிறகு பதினாறு பிட் வந்தது.
குடையனுக்குக் கண் வந்தது, புருவம், நிழல்.
இரண்டு பக்கமும் ஓடினான்.
சும்மா விட்டால் கொட்டாவி விட்டான்.
எனக்குப் பிடிக்கவில்லை. அழகாக இருந்தான், அதுதான்.

நேற்று வெள்ளவத்தையில், நாலாம் மாடியில்,
அந்த ட்ராம் ஆட்டம் மடிக்கணினியில் கிடைத்தது.
மூன்றாம் கட்டம் வர நாற்பது நிமிடம்;
என் விரல்கள் வேறு வேலை பழகிவிட்டன.
நின்றான். அதே மழை.
ட்ராம் அவனை இரண்டு விநாடியில் கடக்கும்.
பிரேக் தேடி எல்லாப் பொத்தானையும் அழுத்தினேன்.
நிறுத்த வழி வைக்கவில்லை அந்த ஆட்டத்தில்,
மணி மட்டும் உண்டு.

அடித்தேன்.
கடந்துபோன பிறகும்
இரண்டு தடவை.